இலங்கையைப் படம்பிடித்த பஸில் றைற்

விவரணத் திரைப்படம் என்னும் கலையின் வரலாற்றை எழுதப் புகுவோர் எவராயினும், இலங்கையின் பெயரைக் குறிப்பிடாது அப்பாற் செல்லுதல் இயலாது. இதற்குக் காரணமாக அமைந்தது ஏறக்குறைய நாற்பது நிமிடம் ஓடும் ஒரே ஒரு படம். சோங் ஒவ் சிலோன் என்பது அதன் பெயர். இலங்கைக் கீதம் என நாம் தமிழிற் கூறலாம். அதனை இயக்கியவரும், அதன் காட்சிகளைத் தம் கையாலேயே படம்பிடித்தவரும், பின்னர் அவற்றை வெட்டி ஒட்டித் தொகுத்தவரும் ஒருவரே. பஸில் றைற் என்னும் ஆங்கிலேயராகிய அவர் இந்நாட்டிற்கு வந்தபோது அவருக்கு வயது இருபத்தாறு.

நமது கல்லூரி மலரிலே ஓர் ஆங்கிலப் படத் தயாரிப்பாளரின் வாழ்க்கைக்கு என்ன இடம் என்று பழைய மாணவர் சிலர் வினவக்கூடும். பள்ளிவாசல்துறை முதலிய நமது கரையோர ஊர்களிலே சினிமா என்றால் சென்னையிலிருந்து வந்த பாட்டும் சண்டையும் நிறைந்த படங்கள் என்றே பலரும் எண்ணி வளர்ந்தோம். நம் தீவின் வீச்சுவலைக்காரரும் தென்னை ஏறுவோரும் தேயிலைக் கொழுந்து பறிப்போரும் 1935 ஆம் ஆண்டிலேயே ஐரோப்பிய விழாவொன்றில் முதற்பரிசு பெற்ற படத்திலே தோன்றினர் என்பதை நம்முள் அறிந்தவர் சிலரே. ஆயினும் அப்படத்திலே தோன்றியவர்களுள் எவருடைய குரல் கேட்கிறது, எவருடைய குரல் கேட்கவில்லை என்பதும் நாம் எண்ணிப் பார்க்கவேண்டிய விடயமாகும். இவ்விரு காரணங்களாலும் இக்கட்டுரையை எழுதத் துணிந்தோம்.

பஸில் றைற் 1907 ஆம் ஆண்டு ஜூன் மாதம் 12 ஆந் திகதி செல்வமுள்ள குடும்பமொன்றிற் பிறந்தார். ஷேர்போண் பாடசாலையிலும், பின்னர் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கோப்பஸ் கிறிஸ்ற்றிக் கல்லூரியிலும் கற்றார். கிரேக்கம், இலத்தீன் என்னும் தொன்மொழிகளிலே பயிற்சி பெற்றவர். கவிதையிலும் நாடகத்திலும் நாட்டமுடையவர். அக்காலத்துப் பெற்றோர் இத்தகைய கல்வி பெற்ற மகனிடம் எதிர்பார்ப்பது அரசாங்க உத்தியோகம் அல்லது நீதிமன்றம். இவரோ சிறியதொரு படக்கருவியை வாங்கிக்கொண்டு, மாணவராயிருந்த காலத்திலேயே பொழுதுபோக்காகப் படம் எடுக்கத் தொடங்கினார். குடும்பத்தின் செல்வம் இவருக்கு இச்சுதந்திரத்தை அளித்தது என்பதை மறைக்கவேண்டியதில்லை. வறிய வீட்டிற் பிறந்த பிள்ளைக்கு அக்காலத்தில் இத்தொழில் எட்டாக்கனியே.

1929 ஆம் ஆண்டு நவம்பர் மாதத்திலே இலண்டன் திரைப்படச் சங்கம் ஒரே நாளில் இரு படங்களைக் காட்டியது. ஒன்று ருசிய இயக்குநர் ஐசன்ஸ்ரைனின் பொற்றெம்கின் போர்க்கப்பல். மற்றையது ஜோன் கிரியசன் என்னும் ஸ்கொத்லாந்துக்காரர் வடகடல் மீனவரைப் பற்றி எடுத்த டிறிவ்ற்றர்ஸ். நடிகர் எவருமின்றி, அரங்கம் எதுவுமின்றி, கடலும் வலையும் உழைக்கும் மனிதருமே கதையாய் அமைந்த அப்படம் இளைஞர் பலரின் மனத்தைப் பற்றிக்கொண்டது. அப்போது பிரித்தானிய அரசாங்கத்தின்கீழ் பேரரசுச் சந்தைப்படுத்தற் சபை என்றொரு நிறுவனம் இருந்தது. குடியேற்ற நாடுகளின் விளைபொருள்களைப் பிரித்தானிய மக்கள் வாங்கச் செய்வதே அதன் நோக்கம். அச்சபையிலே ஒரு படப்பிரிவை அமைத்த கிரியசன் அதில் முதன்முதலாகச் சேர்த்துக்கொண்ட இளைஞர்களுள் றைற் ஒருவர்.

அங்கே அவருக்கு முதலிற் கிடைத்தது படக்கருவியன்று, கத்தரிக்கோல். பிறர் எடுத்த பழைய படங்களிலிருந்து துண்டுகளைத் தெரிந்தெடுத்து, இயற்கையை மனிதன் வென்ற வரலாற்றைக் கூறும் கொங்குவெஸ்ற் என்ற படத்தைத் தொகுத்தலே அவருடைய ஆரம்ப வேலை. இதனை ஒரு சிறு விடயமாகக் கருதுதல் தவறு. தாம் எடாத காட்சிகளைக் கொண்டு தாம் கருதிய பொருளை உணர்த்தப் பழகியவன், பின்னர்த் தானே படம்பிடிக்கச் செல்லும்போது ஒவ்வொரு காட்சியையும் அதற்கு முன்னும் பின்னும் வரப்போவது எது என்ற நினைவுடனேயே எடுப்பான். றைற்றின் படங்கள் யாவற்றிலும் இப்பயிற்சியின் அடையாளத்தை நாம் காண்கிறோம்.

மாணவ நண்பர்களுக்காகப் படத்தொகுப்பு என்பது யாதெனச் சிறிது விளக்குவது பொருந்தும். அக்காலத்துப் பிலிமில் ஒரு விநாடிக்கு 24 படங்கள் வீதம் ஓடும். ஒரு நிமிடத்திற்குத் தொண்ணூறு அடி நீளம் தேவை. ஆயிரம் அடி கொண்ட ஒரு சுருள் பதினொரு நிமிடம் ஓடும். தொகுப்பவர் தம்முன்னே தொங்கும் நூற்றுக்கணக்கான துண்டுகளைக் கையிலெடுத்து, ஒளியிலே பிடித்துப் பார்த்து, வேண்டிய இடத்தில் வெட்டிப் பசையால் ஒட்டவேண்டும். இரண்டு காட்சிகளை அடுத்தடுத்து வைத்தால், அவை இரண்டிலும் தனித்தனியே இல்லாத மூன்றாவது பொருளொன்று பார்ப்பவர் மனத்தில் எழும். தையற்காரர் துணியைத் தைப்பதோடு இதனை ஒப்பிடுவர் சிலர். எமக்கோ யாப்பறிந்த புலவன் சீரும் தளையும் அமைப்பதே நினைவுக்கு வருகிறது.

சந்தைப்படுத்தற் சபையிலே நாட்டுப்புறத்திலிருந்து நகருக்கு உணவு செல்வதைக் காட்டும் படமொன்றையும், எல்லைப்புற மலைகளிலே ஆட்டுக்குட்டிகள் பிறக்கும் பருவத்தில் இடையன் படும் பாட்டைக் காட்டும் படமொன்றையும் அவர் எடுத்தார். பின்னர் 1933 ஆம் ஆண்டளவில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு அனுப்பப்பட்டார். அங்கிருந்து கொண்டுவந்த காட்சிகளால் அமைந்தவற்றுள் ஜமெய்க்காவிலிருந்து சரக்கு என்னும் படம் சிறப்புடையது. ஜமெய்க்காத் துறைமுகத்திலே தொழிலாளர் வாழைக்குலைகளைத் தலையிற் சுமந்து வரிசை வரிசையாகக் கப்பலில் ஏற்றுகின்றனர். அதே குலைகள் இலண்டன் துறைமுகத்திலே இயந்திரப் பட்டியில் ஏறி மனிதர் கைபடாமல் இறங்குகின்றன. படம் இவ்விரண்டையும் அடுத்தடுத்துக் காட்டுவதன்றி வேறொன்றும் செய்வதில்லை. வாழைப்பழத்தை விற்கவென்று பணம் கொடுத்த சபை, அதனைச் சுமப்பவனின் கழுத்தையும் சேர்த்துப் பார்க்க நேர்ந்தது. பணம் கொடுப்பவரின் விருப்பத்தை நிறைவேற்றியும், அதற்கு அப்பாற்பட்டதொன்றைப் படத்தினுள்ளே வைத்துவிடும் இவ்வழக்கம் அவருடைய தொழில்முறையாகவே பின்னர் ஆயிற்று.

சந்தைப்படுத்தற் சபை 1933 இல் மூடப்பட்டது. கிரியசனும் அவர்தம் இளைஞர் குழுவும் பிரித்தானியத் தபாற் பகுதிக்கு மாறினர். அவ்வேளையிலேதான் இலங்கைத் தேயிலைப் பிரசார சபையிலிருந்து வேலையொன்று வந்தது.

அச்சபையின் வரலாற்றையும் இங்கே கூறவேண்டும். உலகப் பொருளாதார மந்தத்தினாலே தேயிலையின் விலை பெரிதும் வீழ்ந்தது. 1932 ஆம் ஆண்டில் ஏற்றுமதித் தேயிலைமீது விதிக்கப்பட்ட சிறு வரியின் வருவாயைக் கொண்டு, உலகெங்கும் இலங்கைத் தேயிலையை விளம்பரம் செய்வதற்காக இச்சபை அமைக்கப்பட்டது. மறுவருடம் தேயிலை ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தும் சர்வதேச உடன்படிக்கையும் நிறைவேறியது. சபையின் பிரசாரத்துக்குப் பொறுப்பாயிருந்த ஜேர்வஸ் ஹக்ஸ்லி என்பார் முன்னர்ச் சந்தைப்படுத்தற் சபையிற் பணியாற்றியவர், கிரியசனை நன்கறிந்தவர். அவர் கேட்டது பெரிய கலைப்படைப்பொன்றையன்று. ஒரு சுருள் நீளமுள்ள நான்கு பிரயாணப் படங்களே அவருக்கு வேண்டியிருந்தன. அழகிய தீவு, பழைய சிற்பம், தேயிலைத் தோட்டம், யானை எனப் பார்த்துவிட்டு வெள்ளைக்காரர் தேநீர் அருந்தவேண்டும். அவ்வளவே.

1934 ஆம் ஆண்டின் முற்பகுதியில் றைற் தம் உதவியாளராகிய ஜோன் ரெயிலர் என்னும் இளைஞருடன் இங்கு வந்து சேர்ந்தார். ரெயிலருக்கு அப்போது இருபது வயதுகூட நிரம்பவில்லை. பெரிய படக்குழு இல்லை, நடிகர் இல்லை, ஒலிப்பதிவுக் கருவியும் இல்லை. கொழும்பிலே அவர்களுக்குக் கிடைத்த துணை லயனல் வெண்ட். சட்டம் கற்று, பியானோ வாசிப்பதிற் புகழ்பெற்று, புகைப்படக் கலையிலே இந்நாட்டில் ஈடிணையற்றவராய் விளங்கிய வெண்ட், மலைநாட்டு நடனங்களையும் கிராமங்களையும் நன்கு அறிந்தவர். கொழும்பு நாகரிகக் கூட்டத்தார் கண்டி நடனத்தை நாட்டுப்புறத்தான் கூத்து என்று புறக்கணித்த காலத்திலே, அதன் பெருமையை உணர்ந்து போற்றியவர்களுள் அவர் ஒருவர். அவருடைய கண்கள் வழியாகவே றைற் இலங்கையின் பெரும்பகுதியைக் கண்டார் என்று கூறினும் மிகையாகாது.

திரும்பிச் சென்று தொகுக்கும்போது நான்கு சிறு படங்கள் ஒரே படமாயின. நான்கு சுருள் நான்கு பாகமாக நின்றது; பயணப்படம் என்ற எண்ணம் மறைந்தது. முதலாம் பாகம் புத்தர்; இரண்டாவது கன்னித் தீவு; மூன்றாவது வாணிபத்தின் குரல்கள்; நான்காவது தெய்வத்தின் ஆடை.

முதலாம் பாகத்திலே அடியார்கள் மலையேறுகின்றனர். அம்மலை நாம் சிவனொளிபாதம் என்று வணங்குவது. பௌத்தர் ஸ்ரீ பாதம் என்பர். இஸ்லாமியரும் கிறித்தவரும் ஆதாமின் பெயரால் அழைப்பர். முதியோர் இளைப்பாறி இளைப்பாறி ஏறுவதும், உச்சியில் ஞாயிறு தோன்றுவதும் காட்டப்படுகின்றன. பின்னர் ஒரு மணி ஒலிக்கிறது. அவ்வொலியோடு ஒரு பறவை எழுந்து நீரின்மேற் பறக்கிறது. மணியோசை மேலும் மேலும் விரிய, மலைகளும் மரங்களும் சிலையின் முகமும் மாறி மாறித் தோன்றுகின்றன. பறவை ஓரிடத்தில் எடுக்கப்பட்டது, சிலை வேறோரிடத்தது, மணியோசையோ இலண்டனிலே சேர்க்கப்பட்டது. இம்மூன்றும் ஒன்றாய் ஒட்டப்பட்ட அந்தச் சில விநாடிகளைத் திரைப்படம் கற்பிப்போர் பல்லாண்டுகளாக மாணவர்க்கு எடுத்துக்காட்டி வந்துள்ளனர்.

இரண்டாம் பாகத்திலே உழைப்பு. குயவன் பானை வனைகிறான். பெண்கள் நெல் குத்துகின்றனர். ஆழமற்ற நீரிலே ஒருவர் வீச்சுவலையை விரித்தெறிகிறார். சிறுவர் நடனம் பயில்கின்றனர். புத்தளம் கடனீரேரியிலே வலை வீசுவோரைக் கண்டு வளர்ந்த நமக்கு, வட்டமாய் விரிந்து நீரில் விழும் அந்த வலையில் புதுமை எதுவுமில்லை. இதற்கும் ஒரு கலைஞன் படக்கருவியை வைத்து நின்றான் என்பதே நமக்குப் புதுமை.

இக்காட்சிகளுக்கு விளக்கம் சொல்ல றைற் தற்காலத்து எழுத்தாளர் எவரையும் நாடவில்லை. 1681 இல் இலண்டனில் அச்சான றொபேட் நொக்ஸின் நூலையே தேர்ந்துகொண்டார். நொக்ஸின் வரலாற்றை நம் மாணவர் அறிவர். 1660 இல் மூதூருக்கு அருகே கொட்டியாரத்திலே கண்டி அரசனின் ஆட்களாற் பிடிக்கப்பட்டு, ஏறத்தாழ இருபது ஆண்டுகள் மலைநாட்டிலே சிறையிருந்தவர் அவர். 1679 இல் தப்பியோடி, அனுராதபுரம் சென்று, அருவியாற்றின் கரையோரமாகக் காட்டினூடே நடந்து, நமது புத்தளக் கரைக்கு வடக்கே உள்ள அரிப்புக் கோட்டையில் ஒல்லாந்தரிடம் அடைக்கலம் புகுந்தார். புத்தளத்து உப்பும் மீனும் கண்டி நாட்டுக்குச் சென்றதை அவர் தம் நூலிலே குறித்திருக்கிறார். இருநூற்றைம்பது ஆண்டுகளுக்கு முந்திய அக்கைதியின் சொற்களை, நிதானமான, உணர்ச்சியை வெளிக்காட்டாத குரலிலே வாசித்தவர் லயனல் வெண்ட். வெள்ளைக்காரனின் எழுத்தை இலங்கையன் வாசிக்க, வெள்ளைக்காரனின் படக்கருவி இலங்கையனைக் காட்டுகிறது. இதனுள்ளே உள்ள முரண் றைற்றுக்குத் தெரியாமலிருந்திருக்கும் என்று நாம் நம்பவில்லை.

மூன்றாம் பாகமே எமது எண்ணத்தில் படத்தின் உயிர்நிலை. இரயில் வருகிறது. யானை ஒன்று மரத்தை முட்டிச் சாய்க்கிறது. உடனே நொக்ஸின் பழைய மொழி மறைந்து, வேறு குரல்கள் எழுகின்றன: தேயிலையின் சந்தை விலை கூறும் குரல், வியாபாரக் கடிதத்தை எழுதுவிக்கும் குரல், கப்பற் போக்குவரத்தை அறிவிக்கும் குரல், தந்தியின் தட்டொலி, கப்பலின் ஊதொலி. இவையெல்லாம் கேட்கும்போது திரையிலே தோன்றுவதோ தென்னையில் ஏறுமுன் கைகூப்பும் மனிதனும், கொழுந்து பறிக்கும் பெண்களும். காதுக்கு இலண்டன், கண்ணுக்கு இலங்கை. ஒன்றையொன்று பார்ப்பதில்லை, ஒன்றில்லாமல் மற்றது நடப்பதுமில்லை. விளக்கவுரையாளன் எவனும் வந்து இது நன்று, இது தீது என்று சொல்வதில்லை. பேசும் படம் பிரித்தானியாவுக்கு வந்து சில ஆண்டுகளே ஆன அக்காலத்தில், திரையில் வாய் அசைவதற்கேற்பச் சொல் கேட்பதே பெரிய அதிசயமாகக் கருதப்பட்டது. அவ்வேளையில் ஒலியையும் ஒளியையும் வேண்டுமென்றே பிரித்து எதிரெதிராய் நிறுத்திய துணிவைப் பரிசோதனை என்னும் சொல்லால் மட்டும் கூறி அமைதல் போதாது. இசையமைப்பாளர் வோல்ற்றர் லீ இதிலே அவருக்குத் தோள்கொடுத்தார். இசைக்கருவியின் ஒலிக்கும் பிற ஓசைகளுக்கும் இடையே வேற்றுமை பாராது அவர் அமைத்த ஒலிப்பின்னல் இன்றும் வியப்பைத் தருவது. அன்னார் பின்னர் போர்வீரராகச் சென்று, 1942 இல் தொப்றூக் அருகே உயிர் துறந்தார்.

நான்காம் பாகம் மீண்டும் பழமைக்குத் திரும்புகிறது. பொலன்னறுவைக் கல்விகாரையிலே ஒரு மனிதர் தனியே வந்து காணிக்கை வைத்து வணங்குகிறார். கண்டி நடனக் கலைஞர் அணிபூண்டு ஆடுகின்றனர். படம் தொடக்கத்திற் கண்ட இலைகளின் நிழலிலேயே சென்று மறைகிறது. படப்பிடிப்பு முடிந்ததென்று எண்ணியிருந்த வேளையிலே, ஏதோ குறைகிறதென்ற உணர்வு உந்த, றைற் பொலன்னறுவைக்குத் திரும்பிச் சென்று இவ்வழிபாட்டை எடுத்ததாகக் கூறுவர். அவ்வழிபாட்டின் அமைதி உள்ளத்தைத் தொடுவதே. எனினும் மூன்றாம் பாகத்திலே எழுப்பிய வினாவிலிருந்து இங்கே அவர் தப்பிச் செல்கிறார் என்றே எமக்குத் தோன்றுகிறது.

அவ்வினா எது என்பதைத் தமிழராகிய நாம் வெளிப்படையாகவே கேட்கலாம். தேயிலைப் பெட்டியின் விலையைச் சொல்லக் குரல் உண்டு. பெட்டியை ஏற்றும் கப்பலைச் சொல்லக் குரல் உண்டு. கொழுந்து பறிக்கும் பெண்ணுக்கு மட்டும் குரலில்லை. தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டு, வரிசை வீடுகளில் வாழ்ந்து, அத்தேயிலையை விளைவித்த தமிழ் மக்கள் இப்படத்திற் கைகளாகவும் முகங்களாகவும் தோன்றி மறைகின்றனர். நொக்ஸ் கண்டது கண்டி அரசு. ஆதலால் அவர் நூலை அடிப்படையாகக் கொண்ட படமும் பௌத்த சிங்கள நாட்டையே இலங்கையின் ஆன்மாவாகக் காட்டியது. கோவிலும் பள்ளிவாசலும் அதன் நான்கு தலைப்புகளுள் ஒன்றுக்கும் பொருளாகவில்லை. கோ. நடேசையர் தோட்டத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கியது 1931 இல். அதாவது றைற் வருவதற்கு முன்பே. தொழிலாளரின் குரல் அப்போது இந்நாட்டிலே ஒலித்துக்கொண்டுதானிருந்தது. தேயிலைச் சபையின் பணத்தால் எடுக்கும் படத்திலே அது புகுதல் அரிது என்பதை நாம் அறிவோம். எனினும் ஜமெய்க்கா வாழைக்குலையைச் சுமந்தவனின் கழுத்தைக் கண்ட கண் இங்கே சற்று மங்கிற்று என்பதைக் குறிப்பிடாது விடுதல் நேர்மையாகாது.

இன்னொன்றும் உண்டு. படம் இலண்டனிலே உருப்பெற்றுக்கொண்டிருந்த 1934 ஆம் ஆண்டின் இறுதியிலே, கேகாலை, குருநாகல் பகுதிகளில் மலேரியாக் கொள்ளைநோய் பரவியது. சில மாதங்களில் நாடு முழுவதும் ஏறக்குறைய 80,000 பேர் மாண்டனர். திரையிலே கன்னித் தீவென்று காட்டப்பட்ட கிராமங்களைப் போன்ற கிராமங்களே அவை. இதற்கு றைற் பொறுப்பாளியல்லர். அவர் வந்து சென்றபின் நிகழ்ந்தது அது. ஆயினும் 1935 இல் பிறசெல்ஸ் நகரத் திரைப்பட விழாவிலே விவரணப் படங்களுள் முதற்பரிசையும், எல்லாப் படங்களுள்ளும் சிறந்ததற்கான அரசாங்கப் பரிசையும் இப்படம் பெற்றது என்று படிக்கும்போது, அவ்வாண்டின் மற்றைய இலங்கையும் நம் நினைவுக்கு வராமற் போவதில்லை. எழுத்தாளர் கிரஹம் கிறீன் முதலியோர் அதனைப் பெரிதும் புகழ்ந்தெழுதினர். தேயிலைச் சபையாருக்குத் தாம் கேட்ட நான்கு படங்கள் கிடைக்கவில்லை. கேளாத ஒன்று கிடைத்தது.

இப்படத்தின் பின் றைற் புகழின் உச்சியிலே நின்றார். 1936 இல் வெளிவந்த நைற் மெயில் என்னும் தபால் இரயிற் படத்தில் ஹரி வற் என்பாருடன் அவர் பெயரும் சேர்ந்து நின்றது. கவிஞர் ஓடனின் செய்யுளும் பெஞ்சமின் பிறிற்றனின் இசையும் கொண்ட அப்படத்தை உலகறியும். படப்பிடிப்பைப் பெரும்பாலும் நடத்திய வற்றுக்கு அப்பெயர்ப் பங்கீடு மனக்கசப்பைத் தந்தது. கூட்டு முயற்சியிலே யார் பெயர் முன் நிற்பது என்னும் சச்சரவு விழா மலர்க் குழுக்களுக்கு மட்டும் உரியதன்று போலும்!

அரசாங்கத் தாபனத்திலே நிலைத்திருந்து பதவியுயர்வு பெறுதல் அவருக்கு எளிதாயிருந்தது. அவரோ 1937 இல் வெளியேறி, றியலிஸ்ற் படக்குழு என்ற சுயாதீன நிறுவனத்தை அமைத்தார். சுயாதீனம் என்பது இங்கே பணமுடைமையன்று. எவரிடம் பணம் பெறுவது, எதனை எடுப்பது என்பதைத் தாமே தீர்மானிக்கும் உரிமையையே அவர் நாடினார். அவ்வாண்டே எரிவாயுக் கொம்பனிகளின் சங்கத்தினது செலவில், பாடசாலையிலே பிள்ளைகள் என்ற படத்தை எடுத்தார். எரிவாயு விற்போருக்குப் பாடசாலையோடு என்ன தொடர்பு என்று கேட்கவேண்டாம். தம் பெயர் நற்பணியோடு சேர்ந்து வழங்குவதையே அவர்கள் விரும்பினர். றைற் முதலில் நல்ல பாடசாலைகளைக் காட்டினார். பின்னர், இடிந்த சுவரும் நெருக்கடியான வகுப்பறையும் கொண்ட பாடசாலைகளைத் தயக்கமின்றிக் காட்டினார். உலகின் மிகப்பெரிய பேரரசு தன் வறிய பிள்ளைகளை எங்கே இருத்திக் கற்பிக்கிறது என்பதை அந்நாட்டவரே கண்டு வெட்கினர். ஆசிரியரும் பழைய மாணவருமாகிய நம்மைப் போன்றோர் இலங்கைக் கீதத்தை விடவும் இப்படத்தையே முதலிற் பார்க்கவேண்டும் என்பது எமது கருத்து. ஓலைக் கொட்டகையிலே வகுப்பு நடந்த நாட்களை நம்முள் மூத்தோர் மறந்திரார்.

போர்க்காலத்திலே அவர் தகவல் அமைச்சுக்கான படங்களைத் தயாரித்தார். 1945 இல் அரசாங்கத்தின் கிறவுண் படப்பிரிவுக்குப் பொறுப்பாகி, ஹம்பிறி ஜெனிங்ஸ் இயக்கிய ரிமோதிக்கு ஒரு நாட்குறிப்பு என்னும் அரிய படத்தின் தயாரிப்பாளராக விளங்கினார். பிறருக்கு வழிவிட்டு ஒதுங்கி நிற்றல் இயக்குநர்களிடம் அருகியே காணப்படும் குணம்; அது றைற்றிடம் இருந்தது. அதன் விலையையும் அவரே கொடுத்தார் எனலாம். தாமே எடுத்த படங்கள் அதன்பின் எண்ணிக்கையிற் குறைந்தன. 1951 இல் தேம்ஸ் நதியைப் பற்றியதொன்று. 1953 இல் யுனெஸ்கோவுக்காகப் போல் றோதாவுடன் சேர்ந்து எடுத்த முடிவிலா உலகம். 1958 இல் தம் மாணவப் பருவத்துக் காதலாகிய கிரேக்க நாட்டைப் பற்றியதொன்று. இவற்றுள் முடிவிலா உலகமே குறிப்பிடத்தக்கது. றோதா மெக்சிக்கோவிலும் றைற் தாய்லாந்திலும் படம்பிடிக்க, ஒருவரையொருவர் அறியாத இரு நாட்டுக் கிராமத்தவரின் நோயும் உழைப்பும் ஒரே படமாகத் தொகுக்கப்பட்டன. இருபது ஆண்டுகளுக்கு முன் இலங்கையில் அழகை முதலிற் கண்ட கண், தாய்லாந்தில் நோயுற்ற பிள்ளையை முதலிற் கண்டது. இதனை அவருடைய வளர்ச்சியாக நாம் கொள்ளுகிறோம்.

பிற்காலத்தில் அவர் அமெரிக்காவின் தென் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்திலும் பிரித்தானியத் தேசியத் திரைப்படப் பாடசாலையிலும் கற்பித்தார். 1974 இல் உலகத் திரைப்பட வரலாற்றைத் தம் நோக்கிலே கூறும் பெருநூலொன்றை எழுதி வெளியிட்டார்.

இலங்கையிலே அவர் விட்டுச்சென்றது என்ன? லயனல் வெண்ட் 1944 ஆம் ஆண்டு டிசம்பரிலே தம் நாற்பத்துநான்காம் வயதிற் காலமானார். கொழும்பிலே அவர் பெயரால் அமைந்த அரங்கை அறியாதார் இலர். 1948 இல் இந்நாட்டு அரசாங்கப் படப்பிரிவு தோன்றியது. அதே 1948 இல்தான் பிரசாவுரிமைச் சட்டத்தினால், படத்திலே குரலின்றித் தோன்றிய தோட்டத் தமிழருட் பெரும்பாலோர் நாடற்றவராயினர். அப்படப்பிரிவிலே விவரணப் படம் எடுக்கப் பயின்ற லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ், படத்தொகுப்பாளர் ரைற்றஸ் தொட்டவத்த, ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக் ஆகிய மூவரும் 1955 இல் தம் உத்தியோகத்தை விட்டு வெளியேறினர். அரங்கத்தைத் துறந்து, படக்கருவியை நேரே கிராமத்துக்கு எடுத்துச் சென்று, 1956 இல் ரேகாவ என்ற சிங்களப் படத்தை அளித்தனர். அடுத்த ஆண்டு அது கான் விழாவிற் காட்டப்பட்டது. சென்னைப் படங்களை அச்சொட்டாகப் பின்பற்றி அங்கேயே சிங்களப் படங்கள் எடுக்கப்பட்டுவந்த காலத்தில், இலங்கையின் மண்ணையும் முகங்களையும் உள்ளபடி காட்டலாம் என்பதற்கு அவர்கள் முன்னே இருந்த முன்மாதிரிகளுள் றைற்றின் படம் தலையாயது.

பஸில் றைற் 1987 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 14 ஆந் திகதி, இங்கிலாந்தின் பக்கிங்ஹம்ஷயர்ப் பகுதியிலே பிறீத் என்னும் கிராமத்துத் தம் பண்ணை வீட்டிற் காலமானார். அப்போது அவருக்கு வயது எண்பது. இலங்கைக் கீதத்தின் பிரதி இலண்டனிலே பிரித்தானியத் திரைப்படக் கழகத்தின் சுவடிச்சாலையிற் பேணப்பட்டு வருகிறது. நாற்பது நிமிடம் ஒதுக்கக்கூடிய மாணவர் மன்றம் எதுவாயினும் அதனைப் பெற்று நமது மண்டபத்திலே ஒருமுறை காட்டுமாயின், மூன்றாம் பாகம் வரும்போது விளக்கை ஏற்றாதிருக்குமாறும், கொழுந்து பறிக்கும் பெண்கள் திரையைக் கடக்கும் அந்தச் சில விநாடிகளைக் கூர்ந்து நோக்குமாறும் கேட்டுக்கொள்ளுகிறோம்.